36 செக்கனை எங்கே வெட்டுவது?

இசையமைப்பாளர் 2 நிமிடம் 10 செக்கன் பாட்டைத் தருவார். படத்தில் அந்தக் காட்சி 1 நிமிடம் 34 செக்கன்தான். மிச்சத்தை என்ன செய்வது? படத்துக்கு ஒலி எடிட் செய்கிற இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிற பிள்ளைகள் கடைசியில் சத்தத்தை மெல்லக் குறைத்து விட்டுவிடுகிறார்கள். அப்படிச் செய்தால் பாட்டு முடியாது, அறுந்து போகும்.

ஆதி தாளத்தில் ஓர் ஆவர்த்தனத்துக்கு, அதாவது தாளத்தின் ஒரு முழுச் சுற்றுக்கு, 8 அட்சரம் (தாள எண்ணிக்கை). வேகம் நிமிடத்துக்கு 80 அட்சரம் என்றால் அட்சரம் 0.75 செக்கன், ஆவர்த்தனம் 6 செக்கன். ஆறு ஆவர்த்தனத்தைத் தூக்கினால் கணக்குச் சரி. திரும்பத் திரும்ப வருகிற பல்லவியில் தூக்குங்கள். தொடக்கத்திலும் முடிவிலும் கை வைக்காதீர்கள். வெட்டு, ஆவர்த்தனத்தின் முதலடிக்கு 5 மில்லிசெக்கன் முன்னால் விழவேண்டும். அடியின் மேலேயே வெட்டினால் அதன் முனை போய், மிருதங்கம் மொட்டையாகக் கேட்கும். ஒரு துண்டு மங்க மற்றது எழுகிற கிராஸ்ஃபேட் 10 மில்லிசெக்கன் போதும்.

கூத்துப் பாட்டுக்கு இந்தக் கணக்கு உதவாது. கூத்தைப் பழக்கி நடத்துகிற அண்ணாவியார், சீரான வேகத்தில் தட்டுகிற மெட்ரோனோமைக் கேட்டு மத்தளம் அடிப்பதில்லை. ஆட்டம் சூடேற வேகமும் ஏறும். முன்னால் வந்த தருவோடு (கூத்துப் பாட்டோடு) பின்னால் வந்ததை நேரே ஒட்டினால் ஆடுபவர் கால் இடறியதுபோல இருக்கும். தாளக்கட்டு, தீர்மானம் என்கிற முடிப்பு அடியோடு முடிகிற இடத்தைத் தேடிப் பிடித்து அங்கே வெட்டுங்கள். அப்போதும் சல்லரி என்கிற கைத்தாளத்தின் ரீங்காரம் கொஞ்சம் நின்று ஒலிக்கும். அதை நறுக்காமல் ஒரு ட்ராக்கில் முழுதாக ஓடவிட்டு, அடுத்த துண்டை வேறு ட்ராக்கில் தொடங்கவேண்டும். தாளம் காதில் ஊறியவருக்கு இது இலகு. மட்டக்களப்புக் கல்லடியில் விபுலாநந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் சங்கீதமோ நாடகமோ படிக்கிற பிள்ளைகளுக்குத் தொழிலின் கடினமான பாதி ஏற்கனவே கையில் இருக்கிறது. மென்பொருள் பிறகு பழகக்கூடியது. டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளின் இலவசப் பதிப்பிலேயே ஒலி வேலைக்கான ஃபேர்லைட் பகுதி இருக்கிறது.

அடுத்தது சூழல் ஒலி. இணையத்தில் எடுக்கிற 'கிராமத்து இரவு' நம்முடைய இரவு இல்லை. வாவிக்கரைத் தவளையையும் வள்ளத்தில் தண்ணீர் அடிக்கிற சத்தத்தையும் நீங்களே 48 கிலோஹேர்ட்ஸ், 24 பிட்டில் பதியுங்கள்; ஸ்டீரியோவில் நிமிடத்துக்கு ஏறக்குறைய 17 மெகாபைட் பிடிக்கும். கச்சான் காற்று வீசுகிற நாளில், காற்றைத் தடுக்கும் ரோமக் கவசம் இல்லாமல் மைக்கை வெளியே எடுக்கவே வேண்டாம். காற்றடித்து ஒலி உச்சத்தில் உடைந்தபின், 80 ஹேர்ட்ஸுக்குக் கீழே வடிகட்டினாலும் அது திரும்பி வராது. மட்டக்களப்பு வாவிக்குள் கேட்கிற பாடும் மீனின் ஒலியைப் பதியச் சாதாரண மைக்கைக் கல்லடிப் பாலத்தில் நீட்டிப் பயனில்லை. தண்ணீருக்குள் பிறக்கும் ஒலியில் ஏறத்தாழ ஆயிரத்தில் ஒரு பங்குதான் காற்றுக்கு வரும். வள்ளத்தில் போகிறவர்கள் துடுப்பின் ஒரு முனையைத் தண்ணீரில் வைத்து மறுமுனையில் காதை வைப்பது அதனால்தான். உங்களுக்கு நீருக்குள் இறக்கும் மைக்கான ஹைட்ரோஃபோன் வேண்டும்.

வசனம் எடுத்த ஒவ்வொரு இடத்திலும், எல்லோரையும் அசையாமல் நிற்கச் சொல்லி ஒரு நிமிட வெறும் ஒலியைப் பதிந்து வையுங்கள். வசனத்துக்கு இடையே வெட்டிய ஓட்டைகளை அதுதான் அடைக்கும். மின்சார இரைச்சல் புகுந்திருந்தால் 50, 100, 150 ஹேர்ட்ஸில் ஒடுக்கமாகக் குறையுங்கள்; அகலமாகக் குறைத்தால் ஆண்குரல் மெலிந்துபோகும்.

போனில் எடுத்த காட்சியில் உதடும் குரலும் போகப் போக விலகினால் பெரும்பாலும் ஃபிரேம் வேகம் நிலையாக இல்லை என்று அர்த்தம். எடிட்டிங்குக்கு முன்பே ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் போட்டு, செக்கனுக்கு நிலையான 25 ஃபிரேமுக்கு மாற்றிவிடுங்கள். எடிட் முடிந்தபின் கண்டுபிடித்தால் ஒவ்வொரு வசனமாக நகர்த்தவேண்டியதுதான்.

கொடுக்கும்போது வசனம், இசை, மற்ற ஒலிகள் என்று மூன்று தனி ஃபைல்கள், மூன்றும் ஒரே நீளத்தில். படத்தின் முதல் ஃபிரேமுக்குச் சரியாக 2 செக்கன் முன்னால், 1 கிலோஹேர்ட்ஸ் பீப் ஒரே ஒரு ஃபிரேமுக்கு, அதாவது 40 மில்லிசெக்கனுக்கு, மூன்றிலும் இருக்கட்டும். வாங்குகிற எடிட்டர் அந்தப் பீப்பைப் படத்துக்கு முன்னால் ஓடுகிற எண்ணிக்கையில் உள்ள '2' என்ற எண்ணோடு பொருத்திவிட்டு, உங்களுக்குப் போன் எடுக்காமலே வேலையைத் தொடங்குவார்.