தகப்பனாரின் வதிவிடம்

3 ஏப்ரல் 2024, புதன்

கலியாணப் பதிவுக்கான கடதாசிக் கட்டைக் கொடுத்தாயிற்று. நகரசபையில் இருந்த பெண் ஒவ்வொரு கடதாசியாக எடுத்து மேசையில் பரப்பிப் பார்த்தார். நான் கட்டப்போகிற இவருடைய பிறப்புப் பதிவு நாந்த் நகரத்திலிருந்து வந்திருந்தது. பிறந்தது புதுச்சேரியில், ஆனால் வெளிநாட்டில் பிறந்த பிரெஞ்சுக் குடிமக்களின் பதிவுகள் நாந்தில்தான் இருக்கின்றன. என்னுடையது ஒஃப்ரா என்கிற பிரெஞ்சு அகதிகள் அலுவலகம் கொடுத்தது. கிளிநொச்சியில் பிறந்த எனக்கு, பாரிசுக்குப் பக்கத்தில் ஃபொன்தனே-சூ-புவாவில் இருக்கிற அந்த அலுவலகம் பிறப்பத்தாட்சி எழுதித் தருகிறது. அகதியாக ஏற்கப்பட்டவள் இலங்கைத் தூதரகத்தின் படி ஏறக்கூடாது. அதனால் என் பிறப்பும் கலியாணமும் இனி இவர்கள் ஏட்டில்தான்.

எல்லாம் சரி. ஒரு பெட்டி மட்டும் நிரப்பவில்லை. தகப்பனார்: பெயர், தொழில், வதிவிடம். உயிரோடு இல்லையென்றால் அதையும் அங்கேயே எழுத வேண்டும். பெயரை மட்டும் எழுதியிருந்தேன். அந்தப் பெண் பக்கத்தில் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டு, நேர்முகத்துக்கு வரும்போது சொல்லுங்கள் என்றார். அன்பாகத்தான் சொன்னார்.

5 ஏப்ரல், வெள்ளி

அம்மாவுக்கு இன்னும் சொல்லவில்லை.

7 ஏப்ரல், ஞாயிறு

இவருடைய அம்மா, மாமியோடு, பாரிசில் தமிழ்க் கடைகள் உள்ள லா ஷப்பேல் முழுக்க அலைந்தேன். கோவிலுக்குக் கூறை, நகரசபைக்கு வேறு சேலை. நகரசபைக்கு வெள்ளையில் ஏதாவது கட்டு என்றார் மாமி. நான் மாம்பழ மஞ்சளில் ஒன்று எடுத்தேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. காசை மட்டும் முந்திக்கொண்டு கொடுத்துவிட்டார்.

பஜோல் தெருப் பிள்ளையார் கோவிலில் நாள் கேட்டோம். நகரசபைப் பத்திரத்தைக் கொண்டுவந்தால்தான் தாலி என்று ஐயர் சொல்லிவிட்டார். இங்கே சட்டம் அப்படி. 1792இலிருந்து நகரசபையில் செய்வதுதான் கலியாணம். அதற்கு முன்னால் சடங்கு நடத்துவதையே வழக்கமாக வைத்திருக்கும் மதகுருவுக்கு ஆறு மாதச் சிறையும் 7,500 யூரோ தண்டமும் இருக்கிறது. எங்கள் பக்கம் பதிவுகாரர் வீட்டுக்கே வருவார். பெரியம்மாவின் மகளுக்கு மணவறைக்குப் பக்கத்தில் மேசை போட்டு எழுதினது ஞாபகம் இருக்கிறது. பெரியப்பா இல்லாதபடியால் அப்பாதான் தகப்பன் இடத்தில் இருந்தார்.

திரும்பி வரும் வழியில் மாமி தன் தகப்பனாரைப் பற்றிச் சொன்னார். பிரெஞ்சுப் படையில் சேர்ந்து இந்தோசீனாவுக்குப் போனவர். 1962இல் புதுச்சேரி சட்டப்படி இந்தியாவோடு சேர்ந்தபோது, பிரெஞ்சுக் குடியுரிமை வேண்டுமென்றவர்களுக்கு ஆறு மாத அவகாசம் கொடுத்தார்கள். அவர் போய்க் கையெழுத்து வைத்தார். அந்தக் கையெழுத்தால்தான் இவர் இங்கே பஸ் ஓட்டுகிறார், நான் இவரைக் கண்டேன்.

10 ஏப்ரல், புதன்

அம்மாவிடம் சொல்லிவிட்டேன்.

நான் பயந்ததுபோல அழவில்லை. “அப்பாட விலாசம் உனக்குத் தெரியாதே? இந்த வீடுதானே பிள்ளை” என்றார். பிறகு கொஞ்ச நேரம் கதைக்கவில்லை. பின்னால் கோழிகள் கத்துவது கேட்டது. “செத்திட்டார் எண்டு மட்டும் எழுதிப்போடாதை” என்றார்.

அம்மா இன்றைக்கும் பொட்டு வைக்கிறார். ஊரில் ஒருத்தரும் கேட்பதில்லை, கேட்டவர்களுக்குக் கிடைத்த பதில் எல்லோருக்கும் தெரியும். மரணச் சான்றிதழ் எடுங்கோ, உதவி கிடைக்கும் என்று வந்தார்கள், எடுக்கவில்லை. 2016இல் காணாமல் போனவர்களுக்கென்று தனியாக ஒரு சான்றிதழுக்குச் சட்டம் கொண்டுவந்தார்கள். அதையும் வேண்டாம் என்றார். நானாக ஆமியின்ர கையில் குடுத்த மனுசன் எப்படிக் காணாமல் போறது என்று கேட்டார். 2017 பெப்ரவரி 20ஆம் திகதி கிளிநொச்சிக் கந்தசுவாமி கோவில் முன்றலில் காணாமல் போனவர்களைக் கேட்டுத் தாய்மார் போராட்டத்துக்கு இருந்த அன்றே போய் உட்கார்ந்தவர். மடியில் அப்பாவின் படம்.

இத்தனைக்கும் பிறகு நான் ஒரு பிரெஞ்சுப் படிவத்தில் ஒற்றைச் சொல்லால் அதை முடித்து வைப்பதா?

14 ஏப்ரல், ஞாயிறு

சித்திரை வருசம். இரவு வேலை. எண்பத்தெட்டு வயது மதாம் ஒருவர் என் கையைப் பிடித்துக்கொண்டு தன் கலியாணப் படத்தைக் காட்டினார்.

24 ஏப்ரல், புதன்

நேர்முகம்.

முதலில் இருவரையும் சேர்த்து, பிறகு தனித்தனியாக. கடதாசிக்காகச் செய்யும் கலியாணமா என்று பார்ப்பதற்குத்தான். அவர்களுக்கு அது கடமை. எங்கே கண்டீர்கள், முதலில் கதைத்தது யார், அவருக்கு எத்தனை சகோதரங்கள், காலையில் என்ன குடிப்பார். காலையில் கோப்பி, சீனி இல்லாமல். எல்லாம் சொன்னேன். பிறகு என் குடும்பம். தகப்பனார் என்ன செய்கிறார்?

விவசாயி, என்றேன். எங்கே இருக்கிறார்? கிளிநொச்சியில். எழுத்துக்கூட்டிக் கேட்டார், சொன்னேன். பென்சில் கேள்விக்குறியை அழித்துவிட்டு மையால் எழுதிக்கொண்டார். அந்த நேரம் எனக்கு நெஞ்சு லேசாக இருந்தது.

மெட்ரோவில் ஏறியதும் இவர் சொன்னார், தன்னிடமும் அப்பாவைப் பற்றிக் கேட்டார்களாம். “விவசாயம் பண்ணிட்டு இருந்தார், 2009ல போயிட்டார்னு சொன்னேன்.” சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தார். பிறகு இரண்டு பேரும் இறங்கும்வரை கதைக்கவில்லை.

25 ஏப்ரல், வியாழன்

இவர் மேல் கோபமில்லை. அப்பாவைக் காணாதவர். காணாத ஒருவரை எப்படி இருக்கிறார் என்று சொல்வார்?

29 ஏப்ரல், திங்கள்

நித்திரை இல்லை. ஒரு வீட்டில் இருக்கிற இருவர், ஒரே தகப்பனை ஒருவர் உயிரோடும் மற்றவர் உயிரில்லாமலும் சொல்லியிருக்கிறோம். இதை வைத்து என்னவும் நினைக்கலாம். சந்தேகம் வந்தால் கோப்பு அரச வழக்குத்தொடுநரிடம் போகும். அவருக்குப் பதினைந்து நாள். விசாரிக்க வேண்டுமென்றால் ஒரு மாதம் நிறுத்தி வைக்கலாம், பிறகு இன்னொரு மாதம். வேலைக்குப் போகும் பஸ்ஸில் இதையே திரும்பத் திரும்ப வாசித்தேன். வேறு ஊரில் எங்கள் பெடியன் ஒருவனுக்கு அப்படி நின்றது. மண்டபத்துக்குக் கட்டிய காசு போனது.

காசு போகட்டும். யாரோ ஒருவர் முன்னால் போய் அப்பா இருக்கிறாரா இல்லையா என்று நிரூபிக்கச் சொன்னால் என்ன செய்வது? பதினைந்து வருசமாக அம்மாவும் அதைத்தானே கேட்கிறார். பதில் வைத்திருப்பவர்கள் சொல்லவில்லை.

இவர் இரவு எழும்பி வந்து தேத்தண்ணி போட்டார். “நான் போய் அந்தம்மாகிட்ட விளக்கிச் சொல்லிடறேன்” என்றார். வேண்டாம் என்றேன். சொல்வதென்றால் நான் சொல்ல வேண்டும்.

2 மே, வியாழன்

நகரசபையிலிருந்து அழைப்பு. அதே பெண். இரண்டு பதிலும் பொருந்தவில்லை, எதை எழுதுவது என்று கேட்டார்.

சொன்னேன். 18 மே 2009, யுத்தம் முடிகிற நேரம். முல்லைத்தீவுப் பக்கம் வட்டுவாகல். ஒரு நாளாவது புலிகள் இயக்கத்தில் இருந்தவர்கள் வந்து பதியச் சொல்லி ஆமி ஒலிபெருக்கியில் அறிவித்தது. அப்பா எழும்பினார். அம்மாதான் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போய் விட்டார். பஸ்ஸில் ஏற்றினதை நான் என் கண்ணால் கண்டேன். அதற்குப் பிறகு ஒருவரும் எங்களுக்கு ஒன்றும் சொல்லவில்லை. இறந்தார் என்று எங்களிடம் ஒரு கடதாசியும் இல்லை.

எனக்கு இவ்வளவு பிரெஞ்சு வரும் என்று எனக்கே தெரியாது.

அவர் கொஞ்சம் பொறுத்து, “அப்படியென்றால் நீங்கள் எழுதச் சொன்னபடியே இருக்கட்டும் மதாம்” என்றார். திங்கட்கிழமை அறிவித்தல் ஒட்டுவதாகச் சொன்னார்.

6 மே, திங்கள்

ஒட்டிவிட்டார்கள்! கண்ணாடிப் பெட்டிக்குள், மற்றச் சோடிகளோடு. எங்கள் பெயர்கள், தொழில்கள், விலாசம். பத்து நாள் இருக்க வேண்டும்; தடை சொல்ல உள்ளவர்கள் அதற்குள் சொல்லலாம். எங்கள் ஆட்களுக்குப் பரம்பரைப் பெயர் இல்லாதபடியால் இங்கே அப்பாவின் பெயர்தான் என் குடும்பப் பெயர். அது பெரிய எழுத்தில், தெருவைப் பார்த்தபடி தொங்குகிறது. பாண் வாங்கிக்கொண்டு போகிறவர்கள் நின்று வாசிக்கிறார்கள். படம் எடுத்து அம்மாவுக்கு அனுப்பினேன். நீலச் சரி இரண்டும் உடனே விழுந்தது. பதில் வரவில்லை.

7 மே, செவ்வாய்

பதில் வந்தது. அப்பாவின் பெயரைப் பெரிதாக்கி வெட்டித் திருப்பி அனுப்பியிருக்கிறார். வேறு ஒன்றும் எழுதவில்லை.

13 மே, திங்கள்

சம்பூரில் யுத்தத்தில் செத்தவர்கள் நினைவாக முள்ளிவாய்க்கால் கஞ்சி காய்ச்சிக் கொடுத்ததற்குப் பெண்களைப் பிடித்துக்கொண்டு போயிருக்கிறார்கள். அம்மாவைக் கவனமாக இருக்கச் சொன்னேன். “இனி என்னத்தைக் கவனிக்கிறது” என்றார்.

18 மே, சனி

முள்ளிவாய்க்கால் கஞ்சி காய்ச்சினேன். அரிசி, தண்ணீர், உப்பு. அவ்வளவுதான். இவரும் குடித்தார், மாமியும் ஒரு கோப்பை கேட்டு வாங்கிக் குடித்தார். இன்னும் இரண்டு கிழமையில் கலியாணம் உள்ள வீட்டில் இதெல்லாம் கூடாது என்று சொல்வாரோ என்று நினைத்திருந்தேன். அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

23 மே, வியாழன்

சாட்சிகள் முடிவு. ஆகக் குறைந்தது இருவர், கூடினால் நால்வர். இவர் பக்கம் அண்ணனும் கூட வேலை செய்பவரும். என் பக்கம் லா ஷப்பேலில் கடை வைத்திருக்கிற அக்கா, மற்றது என்னோடு இரவு வேலை செய்கிற மாலி நாட்டுக்காரி. அவர் தனக்கு ஒரு சேலை வேண்டும் என்கிறார். கட்டிவிட நேரம் வேண்டும், முதல் நாளே வந்து நிற்கச் சொல்லியிருக்கிறேன்.

அம்மாவுக்கு விசா கிடைக்கவில்லை என்று போன வருசமே தெரியும். என் பயணப் பத்திரத்தால் எந்த நாட்டுக்கும் போகலாம், இலங்கையைத் தவிர.

31 மே, வெள்ளி

மருதாணி நன்றாகச் சிவந்துவிட்டது.

1 ஜூன், சனி

நடந்தது.

கதவுகளை அகலத் திறந்து வைத்தார்கள். கலியாணம் நடக்கும்போது யாரும் உள்ளே வரலாம் என்பது விதி. பிரெஞ்சுக் குடியரசின் சின்னமான மரியான் சிலைக்குக் கீழே துணை மேயர், நீலம் வெள்ளை சிவப்புப் பட்டி அணிந்தபடி. கடை அக்கா போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். அதற்குள் அம்மா, நெற்றி நிறையப் பொட்டு, பின்னால் பக்கத்து வீட்டுச் சனம்.

சட்டப் பிரிவுகளை வாசித்தார். 212, 213, பிறகு மற்றவை. கணவனும் மனைவியும் ஒருவருக்கொருவர் மதிப்பும் விசுவாசமும் உதவியும் துணையும் கடமைப்பட்டவர்கள். குடும்பத்தை இருவரும் சேர்ந்து நடத்த வேண்டும். பெண்ணை யார் கொடுப்பது என்று இங்கே ஒருவரும் கேட்கவில்லை. என்னைத்தான் கேட்டார்கள், நான்தான் ஓம் என்றேன். இரண்டு தரம் சொன்னேன் என்று இவர் சிரிக்கிறார்.

பதிவை வாசித்தபோதுதான் கை நடுங்கியது. என் பெயர், பிறந்த இடம், பிறகு மகள் என்று சொல்லி அப்பாவின் பெயர். விவசாயி, கிளிநொச்சியில் வசிப்பவர். துணை மேயர் ஒவ்வோர் அசையாக, பிழை விடாமல் வாசித்தார். முன்கூட்டியே பழகியிருக்கிறார் போல. அம்மாவுக்குப் பிரெஞ்சு தெரியாது. ஆனால் பெயரும் ஊரும் விளங்கிவிட்டது. போனுக்குள்ளிருந்து “ஓம், ஓம், இஞ்சதான்” என்று சத்தமாகச் சொன்னார். மண்டபத்தில் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். துணை மேயர் நிறுத்தி, போனைப் பார்த்துத் தலையசைத்துவிட்டுத்தான் தொடர்ந்தார்.

கையெழுத்து வைத்தோம். குடும்பப் புத்தகத்தை என் கையில் கொடுத்தார்கள். ஒரு சதமும் கட்டத் தேவையில்லை. அடுத்த சோடி வாசலில் நின்றார்கள், அவசரமாக இறங்கினோம். மாலிக்காரியின் சேலை படியில் அவிழ்ந்து, மாமிதான் பிடித்துக் கட்டிவிட்டார்.

5 ஜூன், புதன்

பத்திரத்தைக் கோவிலில் காட்டினேன். ஆவணியில் நாள் தருவதாக ஐயர் சொன்னார். கன்னிகாதானத்துக்கு யார் இருப்பார்கள் என்று கேட்டார். கடை அக்காவும் புருசனும் இருக்கச் சம்மதம் என்று முன்பே சொல்லியிருந்தார்கள்.

அம்மாவிடம் கேட்டேன். “அப்பாட இடத்தில ஒருத்தரையும் இருத்தாதை.”

அப்படிச் செய்யலாமா என்று ஐயரிடம் கேட்க வேண்டும். சனிக்கிழமை இவருக்கு ஓய்வு, அன்றைக்குப் போகலாம்.