பிளஸ் டூ முடிவிலிருந்து முதல் செமஸ்டர் வரை: சேர்க்கை உதவி மைய நாட்குறிப்பு, 2025

மே 9

பிளஸ் டூ முடிவு நேற்று வந்துவிட்டது. எந்தக் கல்லூரி, எந்தப் பிரிவு என்ற பேச்சைத் தொடங்கும் முன் சாதிச் சான்றிதழ், வருமானச் சான்றிதழ், முதல் பட்டதாரிச் சான்றிதழ் மூன்றும் கையில் இருக்கின்றனவா என்று பாருங்கள். இல்லாததற்கு இந்த வாரமே இ-சேவை மையத்தில் மனுப்போட வேண்டும். ஒரு சான்றிதழுக்குக் கட்டணம் 60 ரூபாய். மனு கிராம நிர்வாக அலுவலர், வருவாய் ஆய்வாளர், வட்டாட்சியர் அலுவலகம் என்று மேலே போகும். மே, ஜூனில் ஜமாபந்தி (வருவாய்த் துறையின் வருடாந்திரக் கணக்குத் தணிக்கை) நடப்பதால் இவர்கள் எல்லோரும் அதில் இருப்பார்கள். ஜூனில் கொடுத்த மனு விண்ணப்பத்தின் கடைசி நாளைத் தாண்டிப் போவது இதனால்தான்.

மனுப்போட கேன் எண் (இ-சேவையில் ஒவ்வொருவருக்கும் தரும் பதிவு எண்) வேண்டும். அந்த எண்ணோடு பதிந்த கைபேசிக்குத்தான் ஓடிபி வரும். பல வீடுகளில் அது அப்பா எப்போதோ வைத்திருந்த பழைய சிம். போவதற்கு முன்பே எண்ணை மாற்றிக்கொள்ளுங்கள்.

வருமானச் சான்றிதழ் ஓராண்டுக்குத்தான் செல்லும். போன வருடம் தம்பியின் உதவித்தொகைக்கு வாங்கியது இப்போது உதவாது. எஸ்சி, எஸ்டி மாணவர்களுக்கான போஸ்ட் மெட்ரிக் (பத்தாம் வகுப்புக்கு மேல் படிப்பவர்களுக்கான) உதவித்தொகைக்குக் குடும்ப ஆண்டு வருமான வரம்பு 2.5 லட்சம். தினக்கூலி வீட்டின் வருமானத்தை நெட் சென்டரில் இருப்பவர் தோராயமாக நிரப்பிவிடுவதுண்டு. அனுப்பும் முன் திரையில் உள்ள தொகையை வாசித்துக் காட்டச் சொல்லுங்கள்.

முதல் பட்டதாரிக் கட்டணச் சலுகை ஒரு குடும்பத்தில் ஒருவருக்கு மட்டும். அக்கா ஏற்கெனவே அதில் படித்திருந்தால் தம்பிக்குக் கிடையாது. அரசு ஒற்றைச் சாளரக் கலந்தாய்வில் கிடைத்த இடத்துக்கே அது செல்லும். ‘சர்டிஃபிகேட் இருக்கிறது, குறைத்துக்கொள்வோம்’ என்று சொல்லி மேனேஜ்மென்ட் கோட்டாவில் சேர்க்க வருகிற தரகரை நம்பிவிடாதீர்கள்.

மே 15

இனிஷியல் சிக்கல். பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலில் இனிஷியல் மட்டும், ஆதாரில் அப்பாவின் முழுப்பெயர், சாதிச் சான்றிதழில் வேறொரு எழுத்துக்கூட்டு. மாற்ற வேண்டியது ஆதாரைத்தான், பத்தாம் வகுப்புப் பட்டியலுக்கு ஒத்ததாக. பட்டியலைத் திருத்தப் போனால் தேர்வுத் துறை வரை போய்வர வேண்டும், மாதங்கள் ஓடிவிடும். ஆதார் மையத்துக்குப் போகும்போது 15 வயதில் செய்ய வேண்டிய கைரேகைப் புதுப்பிப்பு முடிந்ததா என்றும் பாருங்கள். முடியாதவர்களுக்கு ஆகஸ்டில் உதவித்தொகைப் பதிவின்போது ரேகை ஒத்துப்போகாமல் நின்றுவிடும்.

மே 27

எஸ்டி சான்றிதழ் தனிக் கதை. பிசி, எம்பிசிக்குத் துணை வட்டாட்சியர் நிலையிலும், எஸ்சிக்கு வட்டாட்சியர் நிலையிலும் முடிந்துவிடும். எஸ்டிக்குக் கோட்டாட்சியர் விசாரித்துத் தர வேண்டும். இருளர், காட்டுநாயக்கன், குறுமன்ஸ் வீடுகளில் பெற்றோரிடம் பழைய சான்று இல்லாதபோது விசாரணை நீண்டுகொண்டே போகும். மனுவோடு இணைக்க வேண்டியவை: தந்தை வழி உறவினர் யாருக்காவது வழங்கப்பட்ட எஸ்டி சான்று, அந்த உறவைக் காட்டும் வம்சாவளிப் பட்டியல், பள்ளிப் பதிவேட்டில் சாதி எழுதப்பட்ட பக்கத்தின் நகல். நிராகரித்தால் காரணத்தை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். அது இருந்தால்தான் மேல்முறையீடு செய்ய முடியும்.

மலையாளி சமூகத்தின் (கேரளத்தவர் அல்ல, மலையில் வாழும் பழங்குடியினர்) நிலை இன்னும் கடினம். எஸ்டி பட்டியலில் அவர்கள் பெயர் தருமபுரி, சேலம், பழைய வட ஆற்காடு, தென் ஆற்காடு, திருச்சி, புதுக்கோட்டை என்று மாவட்டம் குறித்தே இருக்கிறது. ஈரோடு மாவட்டம் பர்கூர் மலையில் இருப்பவர்களுக்கு அதனால் எஸ்டி சான்று கிடைப்பதில்லை. ஒரே மக்கள், ஒரே மலைத்தொடர், நடுவே ஒரு மாவட்டக் கோடு. அந்தப் பிள்ளைகள் 1 சதவீத எஸ்டி ஒதுக்கீட்டுக்கு வெளியே நிற்பது நியாயமே இல்லை. நரிக்குறவர், குருவிக்காரர் சமூகங்களுக்கு 2023 ஜனவரி முதல் எஸ்டி தகுதி வந்திருக்கிறது. அந்த வீடுகளில் பழைய எம்பிசி சான்று மட்டும் இருந்தால் புதிதாக மனுப்போட வேண்டும்.

ஜூன் 3

7.5 சதவீத ஒதுக்கீடு மருத்துவத்துக்கு 2020இலும், பொறியியல், வேளாண்மை, சட்டம் போன்ற படிப்புகளுக்கு 2021இலும் வந்தது. ஆறாம் வகுப்பு முதல் பன்னிரண்டு வரை அரசுப் பள்ளியில் படித்திருக்க வேண்டும். மாநகராட்சி, நகராட்சி, ஆதிதிராவிடர் நலம், கள்ளர் சீரமைப்பு, வனத்துறைப் பள்ளிகள் இதில் சேரும். அரசு உதவி பெறும் பள்ளி சேராது. கல்வி உரிமைச் சட்டப்படி தனியார் பள்ளியில் எட்டு வரை படித்து, ஒன்பதிலிருந்து அரசுப் பள்ளிக்கு வந்தவர்களுக்கும் உரிமை உண்டு. பலருக்கு இது தெரியாமல் விண்ணப்பத்தில் ‘இல்லை’ என்று குறித்துவிடுகிறார்கள்.

சிக்கல் எமிஸ் (பள்ளி மாணவர்களின் இணையப் பதிவேடு) பதிவில் வரும். ஏழாம் வகுப்பில் ஊர் மாறியபோது பழைய பள்ளி பெயரை விடுவிக்காமல் இருந்தால் அந்த ஒரு வருடம் காலியாகத் தெரியும். தலைமை ஆசிரியர் பள்ளியில் இருக்கும்போதே ஆறு முதல் பன்னிரண்டு வரை வரிசையாகப் பார்த்துவிட வேண்டும்.

ஜூன் 20

பொறியியல் கலந்தாய்வுக்கான விருப்பப் பட்டியல். கணிதம் 100, இயற்பியல் 50, வேதியியல் 50, ஆக 200க்குக் கட்-ஆஃப். சென்ற ஆண்டு உங்கள் ஒதுக்கீட்டுப் பிரிவில் எந்தக் கட்-ஆஃபில் இடம் முடிந்தது என்ற பட்டியல் கலந்தாய்வு இணையதளத்திலேயே இருக்கிறது. உங்கள் கட்-ஆஃபுக்குக் கீழே 10 மதிப்பெண் வரை இறங்கி எழுதுங்கள். மேலே ஆசைப்பட்டதை எழுதுவதற்கும் தண்டனை ஏதும் கிடையாது. எத்தனை கல்லூரி வேண்டுமானாலும் எழுதலாம். பத்துப் பதினைந்தோடு நிறுத்திக்கொண்டு இடமே வராமல் போவது அதிகமும் முதல் தலைமுறைப் பிள்ளைகளுக்குத்தான், ஏனென்றால் பக்கத்தில் உட்கார்ந்து எழுத வைக்க யாரும் இல்லை. பெயரை நம்பாமல் கல்லூரியின் கலந்தாய்வு எண்ணைச் சரிபாருங்கள். ஏறக்குறைய ஒரே பெயரில் இரண்டு மூன்று கல்லூரிகள் இருக்கின்றன.

கலை அறிவியல் கல்லூரிக்குப் போகிறவர்களுக்கு இந்தத் தொல்லை குறைவு. அரசுக் கல்லூரி விண்ணப்பம் 50 ரூபாய், எஸ்சி, எஸ்டிக்கு 2 ரூபாய்.

ஜூலை 17

தற்காலிக ஒதுக்கீடு வந்ததும் இரண்டே நாளில் பதில் சொல்ல வேண்டும். பதில் சொல்லாவிட்டால் இடம் போய்விடும். கிடைத்ததே போதும் என்றால் ‘ஏற்றுச் சேர்கிறேன்’. கிடைத்ததை வைத்துக்கொண்டு மேலே உள்ளதற்கும் காத்திருக்க ‘ஏற்று, மேல்நோக்கிக் காத்திருக்கிறேன்’. இதைத் தேர்ந்தால் மேலே இடம் வந்தவுடன் பழைய இடம் தானாகவே போய்விடும். ஆகவே போக மனமில்லாத கல்லூரி பட்டியலின் மேல்பகுதியில் இருக்கக் கூடாது. ‘மறுத்து, மேல்நோக்கி’ என்பதில் கையில் எதுவும் இருக்காது.

தன்பாத் ஐஐடியில் மின்பொறியியல் இடம் கிடைத்த உத்தரப் பிரதேசத்து தினக்கூலியின் மகன், 17,500 ரூபாயைக் குறித்த நேரத்துக்குள் கட்ட முடியாமல் இடத்தை இழந்தது 2024 ஜூனில். சென்னை உயர் நீதிமன்றம் வரை வந்து, பிறகு உச்ச நீதிமன்றம் போய், செப்டம்பர் 30 அன்று அரசியலமைப்பின் 142ஆவது பிரிவின் கீழ் இடத்தைத் திரும்பப் பெற்றார். எல்லோராலும் உச்ச நீதிமன்றம் போக முடியாது. கட்ட வேண்டிய தொகையை ஒதுக்கீட்டு நாளுக்கு முன்பே கணக்கில் வைத்திருக்க வேண்டும். மாலை 5 மணிக்கு முடியும் என்றால் காலையிலேயே கட்டுங்கள்.

ஆகஸ்ட் 8

7.5 சதவீத ஒதுக்கீட்டில் வந்தவர்களுக்குக் கல்வி, விடுதி, கலந்தாய்வுக் கட்டணங்களை அரசு ஏற்கிறது. அப்படியும் சேரும் நாளில் ‘பயிற்சிக் கட்டணம்’, ‘சீருடை’ என்று சில கல்லூரிகள் பணம் கேட்கும். ரசீதில் என்ன தலைப்பில் எழுதித் தருவார்கள் என்று கேளுங்கள். எழுதித் தர மறுக்கும் தொகையைக் கட்ட வேண்டாம். ஒதுக்கீட்டு ஆணை நகலோடு கலந்தாய்வு உதவி மையத்தில் புகார் தரலாம்.

விடுதி வேண்டுவோர் அரசின் கல்லூரி விடுதிகளைப் பாருங்கள். போன மாதம்தான் ‘சமூகநீதி விடுதி’ என்று பெயர் மாறின. சாப்பாடு, தங்கல் இலவசம். பிற்படுத்தப்பட்டோர் விடுதிகளில் பையன்களுக்கு வீடு 8 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்க வேண்டும், பெண்களுக்கு அந்தத் தூர விதி இல்லை. கல்லூரி திறந்த பிறகு போனால் காலியிடம் இருக்காது.

கல்விக் கடன் 4 லட்சம் வரை அடமானம் இல்லாமல் கிடைக்கும். ஆனால் வங்கி வாரக்கணக்கில் எடுத்துக்கொள்ளும். முதல் தவணைக்கு அதை நம்பியிருக்க வேண்டாம்.

செப்டம்பர் 2

மாணவியருக்கான புதுமைப் பெண், மாணவருக்கான தமிழ்ப் புதல்வன் ஆகிய இரண்டு அரசுத் திட்டங்களிலும் மாதம் 1,000 ரூபாய். எஸ்சி மாணவர்களுக்கான போஸ்ட் மெட்ரிக் பராமரிப்புத் தொகை பொறியியலில் விடுதி மாணவருக்கு ஆண்டுக்கு 13,500, வீட்டிலிருந்து வருபவருக்கு 7,000. பிஏ, பிஎஸ்சிக்கு முறையே 6,000, 3,000. எல்லாம் ஆதார் இணைந்த கணக்குக்கே போகும். பள்ளியில் திறந்த மைனர் கணக்கு 18 வயதில் முடங்கியிருக்கும். புதிய கணக்கு திறந்தாலும் ஆதார் இணைப்பு பழையதிலேயே இருந்தால் பணம் அங்கே போய்ச் சிக்கும். வங்கியில் ‘ஆதார் இணைத்திருக்கிறதா’ என்று கேட்டால் போதாது, ‘மானியம் வரும் கணக்காக இதுதான் பதிவாகியிருக்கிறதா’ என்று கேளுங்கள். ஜீரோ பேலன்ஸ் கணக்காக மாற்றச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் குறைந்தபட்ச இருப்புக்கான அபராதத்தில் முதல் மாதத் தொகை கரைந்துவிடும்.

போஸ்ட் மெட்ரிக்கில் கல்லூரிக் கட்டணமும் மாணவர் கணக்குக்கே வரும். வந்த 7 நாளில் கல்லூரிக்குக் கட்ட வேண்டும். வீட்டு அவசரத்துக்கு எடுத்துவிட்டால் மறுபடி புரட்டுவது பெரும்பாடு. இதைப் பெற்றோரிடமும் முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

செப்டம்பர் 24

தமிழ் வழியில் படித்து வந்தவர்கள் முதல் மாதத்தில் கணிதத்தில் தடுமாறுகிறார்கள். அணியின் (மேட்ரிக்ஸ்) தரமும் நேர்மாறும் பிளஸ் டூவிலேயே போட்ட கணக்குகள். வகுப்பில் ரேங்க், இன்வர்ஸ் என்று வரும்போது தெரியாத பாடம் என்று நினைத்துவிடுகிறார்கள். பிளஸ் டூ கணிதப் புத்தகத்தின் தமிழ், ஆங்கிலப் பதிப்புகளை அருகருகே வைத்து இயல் இயலாகப் பாருங்கள். எடுத்துக்காட்டுக் கணக்குகள் ஒன்றுதான். இரண்டு வாரத்தில் பாதி பயம் போய்விடும். ஆசிரியர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: முதல் உள்தேர்வில் 20க்குக் கீழே எடுத்தவரிடம் விடைத்தாளைத் தமிழில் பேசி விளக்கச் சொல்லிப் பாருங்கள். கணக்கு தெரியாதா, கேள்வி புரியவில்லையா என்பது ஐந்து நிமிடத்தில் தெரிந்துவிடும்.

நவம்பர் 12

செமஸ்டர் தேர்வு நெருங்குகிறது. அண்ணா பல்கலைக்கழக விதிப்படி வருகை 75 சதவீதம் வேண்டும், 65 வரை மருத்துவக் காரணம் காட்டலாம். முகூர்த்த நாள்களில் கேட்டரிங் வேலைக்குப் போகும் பிள்ளைகள் இந்தக் கோட்டில்தான் நிற்கிறார்கள். இப்போதே துறை அலுவலகத்தில் சதவீதத்தைக் கேட்டு, மீதமுள்ள வகுப்புகளைக் கணக்கிட்டு, எந்த நாளில் வேலைக்குப் போகலாம் என்று முடிவு செய்யுங்கள். மெஸ் பாக்கிக்காக ஹால் டிக்கெட்டைப் பிடித்துவைத்தால் உதவித்தொகை நிலுவையில் இருப்பதைக் காட்டும் உமிஸ் (கல்லூரி மாணவர்களின் இணையப் பதிவேடு) பக்கத்தை அச்செடுத்து, அவகாசம் கேட்டு முதல்வருக்கு மனு கொடுங்கள். மனுவின் நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ள மறக்காதீர்கள்.