மூன்று திருடர்களும் ஒரு பழைய கணக்கும்

அமெரிக்க இயக்குநர் ஜான் ஃபோர்டின் 'த்ரீ பேட் மென்' படத்தை ஒருவழியாகப் பார்த்துவிட்டேன். 1926இல் வந்த மௌனப் படம். பழிவாங்கும் கதை என்று கேள்விப்பட்டுத்தான் உட்கார்ந்தேன். பழிவாங்கல் இருக்கிறதுதான், ஆனால் நடுவிலேயே கதை வேறு பக்கம் நழுவிவிடுகிறது. எனக்குப் பிடித்ததே அந்த நழுவல்தான்.

கதை நடப்பது 1877இல், அமெரிக்காவின் டகோட்டாவில். தங்க ஆசையில் ஊர் உலகமே வண்டி கட்டிக்கொண்டு வருகிறது. 1868 ஒப்பந்தத்தில் லக்கோட்டா என்ற பூர்வகுடி மக்களுக்கென்று எழுதிக்கொடுத்த பிளாக் ஹில்ஸ் மலைப்பகுதியை அமெரிக்க காங்கிரஸ் சட்டம் போட்டுப் பிடுங்கிக்கொண்ட வருடம் அது. அந்த அநியாயம் படத்துக்கு ஒரு பொருட்டே இல்லை, அதையும் சொல்லிவிட வேண்டும்.

புல், மைக், ஸ்பேட் மூவரும் குதிரைத் திருடர்கள். புல்லின் தங்கையை ஆசை காட்டி அழைத்துப்போய் சீரழித்தவன் ஒருவன் இருக்கிறான், அவனைத் தேடித்தான் புல் அலைகிறான். வழியில் ஒரு வண்டியின் குதிரைகளைத் திருடப் போன இடத்தில், அப்பாவை அப்போதுதான் பறிகொடுத்த ஒரு பெண் இவன் மார்பில் சாய்ந்து அழுகிறாள். புல்லாக வரும் டாம் சான்ட்ஷி அங்கே பெரிதாக எதுவுமே செய்வதில்லை, அந்தப் பெரிய கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் நிற்கிறார், அவ்வளவுதான், எனக்கு அதுவே போதுமாக இருந்தது. அப்புறம் மூவரும் அவளுக்குக் காவல் என்று ஆகிறது. மற்ற இருவரும் ஊருக்குள் போய் அவளுக்கு மாப்பிள்ளை தேடும் கூத்து வேறு! கிடைக்கும் கதாநாயகன் அழகாக இருக்கிறார், சரி, அதோடு விட்டுவிடலாம்.

முந்திப் போய் நிலம் பிடிக்க எல்லோரும் ஒரே நேரத்தில் பாயும் ஓட்டம்தான் எல்லோரும் பேசும் காட்சி. வண்டிகள் பாய்ந்து வரும் பாதையில் தரையில் ஒரு குழந்தை உட்கார்ந்திருக்க, கடைசி நொடியில் ஒரு கை அதைத் தூக்கிக்கொள்கிறது. உண்மையான சக்கரம், உண்மையான புழுதி. மூன்று முறை பின்னால் ஓட்டிப் பார்த்தேன், மூன்று முறையும் வயிற்றைக் கலக்கியது.

இதற்கப்புறம் ஃபோர்ட் அடுத்த வெஸ்டர்ன் (இந்த மாதிரி குதிரை, துப்பாக்கிப் படம்) எடுக்க 1939 வரை, 13 வருடம் ஆனது.

முடிவில் துரத்தி வருபவர்களைத் தடுக்க மூவரும் ஒவ்வொருவராகப் பின்தங்குகிறார்கள். தங்கைக்காகக் கிளம்பியவன் கடைசியில் துப்பாக்கியோடு நிற்பது யாரோ பெற்ற பெண்ணுக்காகவும்தான். அதன்பின் அடிவானத்தில் மூன்று பேரும் நிழலாகக் குதிரையில் போவதைக் காட்டியது எனக்குக் கொஞ்சம் அதிகப்படி. ஆனாலும் கண்ணைத் துடைத்துக்கொண்டுதான் அணைத்தேன்.