லோயர் குராஸ்ட் நாட்குறிப்பு

ஜூன் 3

இன்றோடு 1,140 ரன், அதாவது டயாப்லோ 2 என்ற கணினி ஆட்டத்தில் ஒரே இடத்துப் பெட்டிகளைத் திறந்துவிட்டு வெளியேறும் ஓட்டங்கள். ஒரே மூச்சில் 40 நிமிடத்துக்கு மேல் உட்காரக் கூடாது என்று மருத்துவர் சொல்லிவிட்டதால் கணக்கு எளிதாகிவிட்டது. ஆட்டம் திறக்கும் நேரத்தையும் சேர்த்து ஒரு ரன்னுக்கு 45 விநாடி ஆகிறது. ஓர் அமர்வுக்கு ஐம்பதுக்குச் சற்று மேல். காலையில் ஓர் அமர்வு, மாலையில் ஓர் அமர்வு. நடுவில் படுத்துக்கொண்டு கூரையைப் பார்க்க வேண்டும்.

டயாப்லோ 2-இன் மூன்றாம் ஆக்ட், மிகக் கடினமான ஹெல் நிலை. லோயர் குராஸ்ட் என்ற இடத்தின் வேபாயின்டில், அதாவது ஊரிலிருந்து நேராகக் கொண்டுவிடும் மேடையில், இறங்கியதும் என் சூனியக்காரி சோர்சரஸ் நான்கு முறை டெலிபோர்ட் செய்து தாவுகிறாள். ஒரு தீக்குழியும் அதை ஒட்டிய குடிசைகளும் கண்ணில் படும். அங்கேதான் மினுக்கும் பெட்டிகள் இரண்டு இருக்கின்றன. திறந்தால் தங்கக் காசு, மருந்துக் குப்பி, யாருக்கும் வேண்டாத வில், ஒரு ஜோடிக் கையுறை என்று தரையில் சிதறும். ஆயுதத்திலும் கவசத்திலும் பதிக்கும் எழுத்துக்கல்லான ரூன் விழும்போது மட்டும் ஒலி வேறு. பெயர்களைக் காட்டும் ஆல்ட் விசைக்கு விரல் போவதற்கு முன்பே காது சொல்லிவிடுகிறது. அதன் பிறகுதான் ஆரஞ்சு நிற எழுத்து. அந்த அரை விநாடிக்காகத்தான் இவ்வளவும்.

நான் தேடும் பெர் என்ற அரிய ரூன் வரவில்லை.

ஜூன் 4

104 ரன். ஓர் உம், ஓர் இஸ்ட், இரண்டும் பெரைவிடக் கீழான ரூன்கள். வலி பரவாயில்லை.

ஜூன் 6

அறிக்கை அடுத்த வெள்ளிக்கிழமை கிடைக்கும் என்றார்கள்.

நண்பன் தொலைபேசியில் பேசினான். இவ்வளவு ஓடியாகிவிட்டது, இனி வந்தே தீர வேண்டும் என்றான். அன்பாகத்தான் சொன்னான், ஆனால் மாலை முழுவதும் அந்தச் சொல் என்னை அரித்துக்கொண்டே இருந்தது, ஏனென்றால் பெட்டிக்கு நினைவு கிடையாது. நேற்று அதை எத்தனை முறை திறந்தேன் என்பதும், நான் யார் என்பதும், எதற்காக வந்திருக்கிறேன் என்பதும் அதற்குத் தெரியாது. ஒவ்வொரு முறையும் அது புதிதாகவே பகடையை உருட்டுகிறது. ஆயிரத்தில் ஒன்று என்று வாய்ப்புள்ள ஒரு பொருளை ஆயிரம் முறை தேடினால் கட்டாயம் கிடைத்துவிடும் என்று நானும் முன்பு நம்பியிருந்தேன். அப்படி ஆயிரம் முறை தேடுபவர்களில் ஏறக்குறைய 37 சதவீதம் பேர் வெறுங்கையோடுதான் நிற்பார்கள். 0.999-ஐ ஆயிரம் முறை பெருக்கிப் பார்த்தால் தெரியும். நான் பெருக்கிப் பார்த்தேன், படுத்தபடியே, இரண்டு முறை.

மருத்துவரும் ஒரு சதவீதம் சொன்னார். அதை இங்கே எழுத மாட்டேன்.

ஜப்பானிய ஆட்டக்காரர்களிடம் 'புட்சுயோகு சென்சார்' என்று ஒரு கேலிச்சொல் உண்டு. பொருளாசையை மோப்பம் பிடிக்கும் கருவி ஒன்று ஆட்டத்துக்குள் இருப்பதாகவும், எதை மிகவும் விரும்புகிறோமோ அதை மட்டும் அது பிடித்து வைத்துக்கொள்வதாகவும் அவர்கள் சொல்லிச் சிரிப்பார்கள். நினைவில்லாத பெட்டியைவிட வன்மம் பிடித்த பெட்டியே மனத்துக்கு ஆறுதலாக இருக்கிறது. அது என்னைப் பற்றிக் கொஞ்சமாவது நினைக்கிறதே.

ஜூன் 7

வெக்ஸ்! 1,512-ஆம் ரன்னில், இரண்டாவது பெட்டியில். ஒலி கேட்டதும் ஆல்ட் விசையை அழுத்தாமல் சில விநாடிகள் சும்மா இருந்தேன். அந்தச் சில விநாடிகளுக்கு அது பெராகவும் இருந்தது.

ஜூன் 9

கீழ் ரூன்களைக் கியூப் என்ற மாற்றுப் பெட்டியில் இட்டு மேல் ரூனாக உயர்த்தினால் என்ன ஆகும் என்று தாள் எடுத்துக் கணக்குப் போட்டேன். இரண்டு வெக்ஸும் ஒரு மரகதமும் சேர்ந்தால் ஓர் ஓம். இரண்டு ஓமும் ஒரு வைரமும் சேர்ந்தால் ஒரு லோ. இரண்டு லோவும் குறையற்ற புஷ்பராகம் ஒன்றும் ஒரு சுர். இரண்டு சுரும் குறையற்ற செவ்வந்திக்கல் ஒன்றும் ஒரு பெர். ஆக, ஒரு பெருக்கு 16 வெக்ஸ், 8 மரகதம், 4 வைரம், 2 புஷ்பராகம், 1 செவ்வந்திக்கல். இஸ்டிலிருந்து தொடங்குவதென்றால் 64 இஸ்ட். என்னிடம் இருப்பவை ஒரு வெக்ஸ், மூன்று இஸ்ட்.

இன்னும் மோசமான பகுதி ஜா. நான் செய்ய நினைக்கும் எனிக்மா என்ற கவசத்துக்கு ஜா, இத், பெர் என்ற மூன்று ரூன்களும் அதே வரிசையில் வேண்டும். இத் தெருத் தூசிபோல எங்கும் கிடக்கும். ஆனால் இந்தப் பெட்டிகள் பெரோடு நின்றுவிடுகின்றன, ஜா தருவதில்லை. இரண்டு பெரையும் குறையற்ற நீலக்கல் ஒன்றையும் கியூபில் போட்டுத்தான் நான் ஜாவைச் செய்தாக வேண்டும். அப்படியானால் நான் தேடுவது ஒரு பெர் அல்ல, மூன்று. இது முதல் நாளே தெரிந்த விஷயம்தான். முதல் நாளில் மூன்று என்பது சிறிய எண்ணாகத் தெரிந்தது.

என் இன்னொரு வீரனான பாலடினுக்காக எடுத்து வைத்த மேஜ் பிளேட் கவசம் பெட்டகத்தில் மூன்று காலித் துளைகளோடு கிடக்கிறது. அதற்கு 55 வலிமை போதும் என்பதால்தான் அதைத் தேர்ந்தெடுத்தேன். எனிக்மா அமைந்துவிட்டால் பாலடினுக்கும் டெலிபோர்ட் வந்துவிடும். நிலை ஒன்றுக்கு முக்கால் புள்ளி வீதம் வலிமையும் கூடும், 80-ஆம் நிலையில் இருப்பவனுக்கு 60 புள்ளி. இப்போது அவன் எங்கும் நடந்துதான் போகிறான். நானும் சுவரைப் பிடித்துக்கொண்டு நடக்கிறேன்.

ஜூன் 10

அரிய பொருள்களின் வாய்ப்பைக் கூட்டும் மேஜிக் ஃபைண்டை எவ்வளவு ஏற்றினாலும் ரூன் விழும் வாய்ப்பு ஓர் அணுவும் கூடாது என்பதை அறியாமல், தொடக்கத்தில் ஒரு வாரம் முழுக்கப் புஷ்பராகம் பதித்த தலைக்கவசத்தோடு ஓடினேன் என்பதை யாரிடமும் சொன்னதில்லை.

ஜூன் 12

வரைபடத்தைத் தொலைத்துவிட்டேன்.

தனியாக ஆடும்போது ஒரே கடினநிலையில் நீடிக்கும்வரை வரைபடம் மாறாது. வேறு நிலையில் ஓர் ஆட்டத்தைத் திறந்துவிட்டால் திரும்பி வரும்போது எல்லாம் புதிதாக அடுக்கப்பட்டிருக்கும். வேபாயின்டுக்குப் பக்கத்திலேயே தீக்குழி அமைந்த ஒரு வரைபடத்துக்காக மே மாதத்தில் ஐந்து நாள் செலவிட்டிருந்தேன். இன்று காலை மாத்திரையின் மயக்கத்தில், ஹெல் என்பதற்குப் பதிலாக நைட்மேர் என்பதை அழுத்திவிட்டேன். ஊரின் நிறமும் அங்குள்ள ஓர்மஸ் என்ற மந்திரவாதியின் முனகலும் எல்லா நிலையிலும் ஒன்றுதான் என்பதால் லோயர் குராஸ்டில் இறங்கி, வழக்கமான திசையில் நான்கு முறை தாவி, சேற்றில் நின்ற பிறகுதான் உறைத்தது. குடிசை இல்லை. தண்ணீர்தான் இருந்தது.

அக்கா கஞ்சியோடு உள்ளே வந்தவள் என் முகத்தைப் பார்த்துப் பதறிப்போய், யாராவது கூப்பிட்டார்களா என்று கேட்டாள். இல்லை, வரைபடம் போய்விட்டது என்றேன். அவள் கிண்ணத்தை மேசையில் வைத்துவிட்டு அப்படியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். என்னைத் திட்டவும் முடியாமல் சிரிக்கவும் முடியாமல் அவள் பட்ட பாட்டைப் பார்த்தபோது, இவளுக்காகவாவது வேறு ஏதேனும் ஆடியிருக்கலாம் என்று தோன்றியது.

ஜூன் 13

வெள்ளிக்கிழமை. அறிக்கை வரவில்லை. ஆய்வகத்தில் மறுபடி பார்க்கிறார்களாம், புதன்கிழமைக்குள் என்கிறார்கள்.

மறுபடி பார்ப்பது என்றால் என்ன பொருள் என்று அக்கா கேட்கவில்லை, நானும் பேச்சை எடுக்கவில்லை. ஹெல்லைத் திறந்து, இறங்கிப் பார்த்து, பிடிக்காமல் வெளியேறி, நார்மலைத் திறந்து மூடி, மீண்டும் ஹெல்லுக்கு வந்து என்று 31 வரைபடங்களைக் கழித்துக் கட்டினேன். எதிலும் தீக்குழி அருகில் இல்லை. ஒன்றில் இருந்தது, ஆனால் தொலைவில், ஆற்றுக்கு அந்தப் பக்கம்.

ஜூன் 14

வரைபடம் கிடைத்தது. பழையதைவிட நல்லது: வேபாயின்டிலிருந்து இரண்டே தாவலில் ஒரு தீக்குழி, அங்கிருந்து ஐந்து தாவலில் இன்னொன்று. ஒரு ரன்னுக்கு இப்போது நான்கு பெட்டிகள். தொலைத்ததற்கு நன்றி சொல்ல வேண்டும்போலும். இந்தச் சிந்தனையை நீட்டிக்கொண்டு போகப் போவதில்லை, அது எங்கே போய் முடியும் என்று எனக்குத் தெரியும்.

ஜூன் 15

37 ரன்.

ஜூன் 17

பெட்டிகள் சில நேரம் பூட்டியிருக்கும். சாவி ஓர் அடுக்கில் 12-க்கு மேல் சேராது. நான்கு பெட்டி என்று ஆனபிறகு அடிக்கடி தீர்ந்துபோகிறது. அசாசின் என்ற பாத்திரமாக இருந்தால் சாவியே வேண்டாம், ஆனால் அவளை இந்த நிலைவரை வளர்க்க எனக்கு இப்போது முதுகு இல்லை.

ஆட்டத்தின் அமைப்பில் 'பிளேயர்ஸ் 7' என்று கொடுத்துத்தான் ஓடுகிறேன். நான் ஒருவனே இருந்தாலும் இன்னும் ஆறு பேர் உடன் இருப்பதாகப் பெட்டி நம்பும்; வெறுமையாக விழும் வாய்ப்பு அதனால் குறையும். இரவில் விளக்கை அணைத்த பிறகு, இல்லாத அந்த ஆறு பேரைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தேன். இன்று 2,390.

ஜூன் 18

புதன்கிழமை.

2,431-ஆம் ரன், மூன்றாவது பெட்டி, பெர்.

மாலை 5.20. ஒலி கேட்டது, ஆல்ட் விசையை அழுத்தினேன், மூன்று குப்பிகளுக்கும் ஒரு கேடயத்துக்கும் நடுவில் எழுதியிருந்தது. எடுத்தேன். ஊருக்குத் திரும்பி, பொதுப் பெட்டகத்தில், மேஜ் பிளேட்டுக்குப் பக்கத்துக் கட்டத்தில் வைத்தேன். கத்துவேன், அக்காவைக் கூப்பிடுவேன் என்றெல்லாம் நினைத்திருந்தேன். நான் அறையில் இருப்பதே எனக்குக் கேட்காததுபோல் இருந்தது. 40 நிமிடம் முடிய இன்னும் 14 நிமிடம் இருந்தது, ஓடினேன்.

இரவு அக்காவிடம் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திரைக்கு மிக அருகே குனிந்து, சிறிய செவ்வகத்தில் கிறுக்கலாக இருந்த அந்தக் குறியை வெகுநேரம் பார்த்தாள். இதற்காகவா என்று கேட்பாள் என்று காத்திருந்தேன். இன்னும் எத்தனை வேண்டும் என்று கேட்டாள். இரண்டு என்றேன். சரி, நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம், படு என்றாள்.

தொலைபேசி வரவில்லை.

ஜூன் 19

98 ரன். ஒரு குல். அதற்கு மேல் ஒன்றுமில்லை. பெட்டகத்தைத் திறந்து பெர் இருக்கிறதா என்று நான்கு முறை பார்த்தேன், இருக்கிறது.

மாலை 6.10-க்குக் கூப்பிட்டார்கள். நாளை 10 மணிக்கு நேரில் வரச் சொல்கிறார்கள். தொலைபேசியில் சொல்ல மாட்டார்களாம்.

ஜூன் 20

5 மணிக்கே விழித்துவிட்டேன். 12 ரன். நான்காவது பெட்டி பூட்டியிருக்கிறது, சாவி தீர்ந்துவிட்டது. ஊருக்குப் போய் வாங்கி வர வேண்டும். ஆட்டத்தை மூடாமல் அப்படியே விட்டிருக்கிறேன், சோர்சரஸ் பெட்டியின் எதிரில் நிற்கிறாள். அக்கா கீழே வண்டியை