கண்டாங்கிப் பாம்பு: ஒரு படக்கதைக்காகச் செய்து பார்த்த அனுபவம்

டோமி உங்கெரர் எழுதி வரைந்து 1958-இல் வெளிவந்த ‘கிரிக்டர்’ என்னும் படக்கதையை, மாலை வேளைகளில் எங்கள் தெருப் பிள்ளைகளுக்குப் படங்களைக் காட்டித் தமிழில் சொல்லி வருகிறேன். பிரான்சின் சிற்றூர் ஒன்றில் வாழும் மேடம் போடோ என்ற அம்மையாருக்கு, ஆப்பிரிக்காவில் ஊர்வனவற்றை ஆராயும் அவருடைய மகன் பிறந்தநாள் பரிசாக ஒரு வட்டப் பெட்டியை அனுப்புகிறான். திறந்தால் உள்ளே பாம்பு. முதலில் அலறிவிட்ட அம்மையார், அதை விலங்குக் காட்சிசாலைக்குக் கொண்டுபோய் நஞ்சில்லாத போவா இனம் என்று உறுதி செய்துகொண்டு, புட்டியில் பாலூட்டி, நீளமான கட்டிலில் படுக்க வைத்து, குளிருக்குக் கம்பளிச் சட்டையும் பின்னிப் போட்டு வளர்க்கிறார். வெளிநாட்டில் இருக்கும் மகன் தாய்க்குப் பெட்டி அனுப்புவது செட்டிநாட்டுக்குப் புதிதன்று. ரங்கூனிலிருந்தும் பினாங்கிலிருந்தும் பெட்டிகள் வந்திறங்கிய வீடுகள்தாம் எங்கள் தெரு முழுவதும் இருக்கின்றன. எந்தப் பெட்டியிலும் பாம்பு வந்ததாக மட்டும் யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

கதையில் எனக்குச் சிக்கலாக இருந்தது பள்ளிக்கூடப் பக்கம். ஆசிரியையான மேடம் போடோவுடன் வகுப்புக்குப் போகும் கிரிக்டர், தன் உடலையே வளைத்து எழுத்துகளாக நிற்கிறது. பாம்பைக் குறிக்கும் எஸ் வருகிறது, யானைக்கும் சிங்கத்துக்கும் உரிய எழுத்துகள் வருகின்றன, பிறகு எண்களும் வருகின்றன. எட்டாக வளைந்தால் அது ஆக்டபஸின் கைகளுக்கான எட்டு. மற்றப் பக்கங்களை எல்லாம் தமிழில் சரளமாகச் சொல்லிவிட முடிகிறது. இந்தப் பக்கத்தில் மட்டும் ஆங்கில எழுத்தை விளக்கத் தொடங்கினால் சிறு பிள்ளைகள் எழுந்து ஓடிவிடுகிறார்கள். நம் எழுத்துகளாக வளையக்கூடிய ஒரு பாம்பு கையில் இருந்தால்தான் இந்தப் பக்கம் பிழைக்கும் என்று முடிவு செய்து, துணிப் பாம்பு ஒன்றைச் செய்யத் தொடங்கினேன்.

முதல் வேலை அளவு பார்ப்பது. வீட்டின் உள்முற்றமான வளவின் ஓரத்தில் சுண்ணக்கட்டியால் எழுத்துகளை ஓரடி உயரத்தில் எழுதி, அவற்றின் கோட்டின்மேல் சணலைப் படிய வைத்து நீளத்தை அளந்தேன். குத்தாக ஒரு கோடும் கிடையாக ஒரு கோடும் மட்டுமே உள்ள ‘ட’ இரண்டடிக்குள் முடிந்துவிட்டது. ‘ப’ மூன்றடி கேட்டது. ‘ம’ அதற்கும் மேலே போயிற்று. சுழிமேல் சுழி போடும் ‘ண’தான் மிகுந்த நீளத்தை விழுங்கியது. எல்லாவற்றையும் கணக்கில் வைத்து ஏழடி என்று முடிவு செய்தேன். உண்மையான போவாவும் பெரும்பாலும் ஆறிலிருந்து பத்தடி வரை வளர்வதுதான் என்பதால் இந்த அளவு பொருத்தமாகவும் அமைந்தது. நீளத்தைவிட முக்கியமான சோதனை, கையை எடுக்காமல் எழுதக்கூடிய எழுத்துகள் எவை என்பது. பாம்புக்குத் தலை ஒன்று, வால் ஒன்று. நடுவில் கிளை கிடையாது. உ, எ, ட, ப, ம, வ, ண ஆகியவை இந்த நிபந்தனைக்குள் அடங்கிவிடுகின்றன. க, ச, த ஆகியவற்றில் மேல்கோடும் குத்துக்கோடும் பிரிந்து செல்வதால், உடலைத் தன்மேலேயே மடித்துத் திரும்பக் கொண்டுவர வேண்டியிருக்கிறது. பார்ப்பதற்கு எழுத்தாக இல்லாமல் முடிச்சாகத் தெரிகிறது. அவற்றை இப்போதைக்கு விட்டுவிட்டேன்.

துணி பக்கத்து வீட்டு ஆச்சியிடமிருந்து வந்தது. மடிப்புகளில் இற்றுப்போன பழைய பருத்திக் கண்டாங்கி அது. கடுகு மஞ்சளும் அரக்கும் கலந்த கட்டம். எதற்கு என்று கேட்டவரிடம் சொன்னபோது, “ஏன் ஆத்தா, பாம்புக்குச் சட்டை தைக்க என் சேலைதான் கெடச்சுச்சா?” என்று கேட்டுவிட்டு, நல்ல பகுதியாகப் பார்த்து அவரே கிழித்தும் கொடுத்தார். காரைக்குடிக் கண்டாங்கிக்கு 2019-இல் புவிசார் குறியீடு கிடைத்ததை நான் சொன்னதற்கு, அவர் கட்டத் தொடங்கியபோது எந்தக் குறியீடும் தேவைப்படவில்லை என்று பதில் வந்தது.

துணியை நேராக வெட்டாமல் கிராஸாக வெட்டியதுதான் இந்த வேலையிலேயே பலன் தந்த முடிவு. நேர்வாட்டில் வெட்டித் தைத்த குழாயை வளைத்தால், வெளிப்பக்கம் விறைத்துக்கொள்கிறது, உட்பக்கம் சுருங்கிச் சுருங்கிக் கொசுவமாக நிற்கிறது. குறுக்குச் சாய்வில் வெட்டிய துணி நீண்டும் குறுகியும் கொடுப்பதால் வளைவு மழமழவென்று விழுகிறது. அதற்கு மேல் ஒரு வரவும் இருந்தது: நேராகப் பார்த்தால் சதுரமாக இருக்கும் கண்டாங்கிக் கட்டம் சாய்வில் வெட்டும்போது வைரக்கட்டமாக மாறி, உடல் முழுவதும் செதில் போட்டதுபோல் ஆகிவிட்டது. புத்தகத்தில் கிரிக்டர் பச்சை நிறம்; கறுப்புக் கோட்டோடு பச்சையும் சிவப்பும் கொஞ்சம், அவ்வளவுதான் உங்கெரர் பயன்படுத்திய வண்ணம். என் பாம்பு அதைப் போல இல்லை என்பதில் எனக்கு வருத்தமில்லை.

உள்ளே போடும் கம்பியைத் தேர்ந்தெடுக்கத்தான் நாள் பிடித்தது. கொத்தனார்கள் பயன்படுத்தும் கட்டுக்கம்பி எளிதில் வளையும், ஆனால் நிறுத்திய வடிவில் நிற்காது. ஒரே இடத்தில் திரும்பத் திரும்ப வளைத்தால் முறிந்தும் போகும், துணியில் துருக்கறையும் ஏறும். இரும்புக்கடையில் கிடைத்த மூன்று மில்லிமீட்டர் அலுமினியக் கம்பியை இரட்டையாக முறுக்கியபோது, குழந்தையின் கைக்கு வளையும் மென்மையும் தரையில் வைத்தால் கலையாத உறுதியும் ஒன்றாகக் கிடைத்தன. அலுமினியமும் வளைக்க வளைக்க இறுகிக் கடைசியில் முறியும் இயல்புடையதுதான். கூர்மையாக மடங்கும் இடத்தில்தான் அது விரைவில் நிகழும் என்பதால், பழைய சைக்கிள் டியூபை நாடாவாக நறுக்கிக் கம்பியின்மேல் நெருக்கமாகச் சுற்றினேன். இப்போது எங்கே மடக்கினாலும் அது மடிப்பாக விழாமல் வளைவாகவே விழுகிறது. இதனால் ‘ப’வின் மூலைகள் உருண்டைதான், பிள்ளைகள் யாரும் அதற்காகப் படிக்கத் தடுமாறவில்லை. கம்பியின் இரு முனைகளையும் வளையமாகத் திருப்பி, துணி சுற்றி, நூலால் இறுக்கிக் கட்டியிருக்கிறேன். பிள்ளைகள் கையில் கொடுக்கும் பொருளில் கம்பி முனை வெளியே வர வாய்ப்பே இருக்கக் கூடாது.

இலவம்பஞ்சை அடைத்துப் பார்த்ததில், வளைக்கும்போது அது இரு பக்கமும் விலகி ஓடி, வளைவில் எலும்பும் மற்ற இடத்தில் தொந்தியுமாகப் பாம்பு நின்றது. அதை எடுத்துவிட்டு, தையற்கடை வெட்டுத் துணிகளை நாடாவாக்கிக் கம்பியின்மேலேயே கட்டுப் போடுவதுபோல் ஒன்றரை அங்குலக் கனத்துக்குச் சுற்றி, அதன்மேல் ஆறங்குல அகலத்தில் வெட்டித் தைத்த குழாயை இழுத்து மாட்டினேன். கண்ணுக்குக் கறுப்புப் பொத்தான். நாக்குக்குச் சிவப்பு ரிப்பன், நுனியில் பிளந்தது.

முதன்முதலாகப் பாம்பை ‘உ’வாக வைத்தேன். தலை சுழிக்குள் அடங்க, வால் வலப்பக்கம் நேராக நீள, அது பிள்ளையார் சுழியாகவே அமைந்தது. பிள்ளையார்பட்டிக்கு இவ்வளவு அருகில் இருந்துகொண்டு வேறு எழுத்தில் தொடங்கியிருக்கவும் முடியாது. ஆனால் வீட்டுக் கூடமான பட்டாலையின் அத்தங்குடித் தரையில் வைத்தபோது யாருக்கும் எழுத்துத் தெரியவில்லை. பூவும் கட்டமுமாகக் கிடந்த தரைக்கல்லின்மேல் கட்டம் போட்ட பாம்பு கரைந்துபோய்விட்டது. சருகின்மேல் கிடக்கும் போவாவின் புள்ளிகள் அதற்கு என்ன உதவி செய்கின்றன என்பதைப் படம் இல்லாமலேயே காட்ட முடிந்தது. பிறகு ஒரு வெள்ளை வேட்டியை விரித்து அதன்மேல் எழுத்துகளைத் தொடர்ந்தோம்.

‘ப’ பாம்புக்கு, ‘ம’ மாட்டுக்கு, ‘வ’ வடைக்கு என்று தடையின்றிப் போயிற்று. ‘எ’ வந்தபோது ஒரு சிறுமி எலி என்றாள். பாம்பே எலியாக நிற்பதைக் கண்டு எழுந்த சிரிப்பு அடங்கச் சற்று நேரமாயிற்று. பாம்புக்கு மிகவும் எளிதான ‘ட’வுக்குச் சொல் தேடத்தான் திண்டாட்டம். டம்ளரும் டப்பாவும் வந்து காப்பாற்றின. எண்களுக்கு வந்தபோது, பெட்டகத்தில் கிடந்த பழைய பேரேடு ஒன்றைக் கொண்டுவந்து, தமிழ் எண்ணில் இரண்டு என்பது ஏறத்தாழ ‘உ’வின் வடிவமே என்று காட்டினேன். ஒரே வளைவு எழுத்தாகவும் எண்ணாகவும் நிற்பதைக் கிரிக்டரால்கூடச் செய்திருக்க முடியாது. மெய்யெழுத்தின் புள்ளிக்குச் சோழியை வைத்தோம். “அயித்தை, அது பாம்பு முட்டைதானே?” என்று ஒருவன் கேட்டான். போவா முட்டையிடாது, குட்டியே ஈனும். நம் நாட்டு மலைப்பாம்புதான் முட்டையிட்டு அதைச் சுற்றிப் படுத்துக் காக்கும் என்று சொன்னவுடன், எங்கள் பாம்பை மலைப்பாம்பாக மாற்றிக்கொள்வது என்று பிள்ளைகளே தீர்மானித்துவிட்டார்கள்.

அந்தப் பேச்சு வந்ததால் இன்னும் இரண்டையும் சொல்ல வேண்டியிருந்தது. போவா கன்ஸ்டிரிக்டரின் இயற்கை வாழிடம் அமெரிக்கக் கண்டங்களே, ஆப்பிரிக்கா அன்று. கதையில் மகன் எங்கிருந்து அதைப் பிடித்தான் என்பது உங்கெரருக்கே வெளிச்சம். பாலும் பாம்பின் உணவு அன்று. புற்றுக்குப் பால் வார்க்கும் ஊரில் இதைச் சொல்லும்போது பக்கத்தில் இருந்த ஆச்சி என்னை ஒரு பார்வை பார்த்தார், மறுக்கவில்லை. நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கும் நம் பக்கத்தில் உண்டு என்பதால், உண்மைப் பாம்பைக் கண்டால் விலகி நின்று பெரியவர்களைக் கூப்பிட வேண்டும் என்பதைக் கதை சொல்லும் ஒவ்வொரு முறையும் சேர்த்தே சொல்கிறேன்.

கதையின் பிற்பகுதியில் மேடம் போடோவைக் கட்டிப்போட்ட திருடனைக் கிரிக்டர் சுற்றி வளைத்துப் பிடிப்பதும், அதற்குப் பதக்கமும் சிலையும் கிடைப்பதும் வருகின்றன. பிள்ளைகளுக்கு அந்தக் கட்டம் பிடிக்கிறது. எனக்கு அது சற்று அவசரமாகத் தோன்றுகிறது. வீரம் காட்டுவதற்கு முன்பே ஊர் அந்தப் பாம்பை ஏற்றுக்கொண்டுவிட்டது என்பதுதான் இந்தப் புத்தகத்தின் அழகு. ஆக்டபஸ், வௌவால், பிணந்தின்னிக் கழுகு என்று, மனிதர் முகம் சுளிக்கும் உயிர்களையே உங்கெரர் பிற கதைகளிலும் நாயகராக்கினார். 1998-இல் குழந்தை நூல் ஓவியத்துக்கான ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சன் விருது பெற்ற அவர், 2019-இல் மறைந்தார்.

இப்போதைய நிலையில் ஒரு பாம்பால் தன் பெயரையே எழுத முடியவில்லை. ‘பாம்பு’ என்பதற்கு ப, துணைக்கால், புள்ளியோடு ம, பிறகு கீழிறங்கும் கோட்டோடு பு என்று பல உடல்கள் தேவைப்படுகின்றன. ஆகவே அடுத்து மூன்றடியில் சிறியவை சிலவற்றைச் செய்வதாக இருக்கிறேன். ஒற்றைக் கம்பியே அவற்றுக்குப் போதும். துணிக்கு ஆச்சியின் அதே சேலையின் முந்தானைப் பகுதி மீதமிருக்கிறது, ஆனால் அங்கே கட்டம் இல்லை, பட்டைக் கோடுகள்தாம். சாய்வில் வெட்டினால் அவை உடலைச் சுற்றிய வரிகளாக விழும் என்று நினைக்கிறேன். ஒரு சாண் துண்டை வெட்டி, தைத்துப் பார்த்த பிறகுதான் மீதியில் கத்தரியை வைப்பேன்.