முதல் கையெழுத்து

"அக்கா, மொதல்ல நீங்க கையெழுத்துப் போட்டீங்கன்னா மத்தவங்களும் பயப்படாம போடுவாங்க" என்று அந்தப் பெண் ஒரு தாளை நீட்டியபோது, நான் மருந்துப் பதிவேட்டிலிருந்து தலையை உயர்த்தாமலே, "நாம வந்தது பேஷன்ட்டைப் பார்க்க, கார்ப்பரேட்டர் வாசல்ல நிக்க இல்ல. நர்ஸுக்கு எதுக்கும்மா அரசியல்?" என்று சொன்னேன். சொன்னது அவ்வளவுதான். இன்றும் இரவுப் பணியில் வார்டு அடங்கிய பிறகு அந்த வாக்கியம் என் குரலிலேயே எனக்குக் கேட்கிறது.

அது 2020 ஏப்ரல் கடைசி. மும்பையின் தாராவியில் முதல் கொரோனா தொற்று உறுதியாகி ஒரு மாதம்கூட ஆகியிருக்கவில்லை. திருநெல்வேலியிலிருந்து வந்து மூன்று தலைமுறையாகத் தாராவியில் வாழும் குடும்பம் அவளுடையது; ஒரே அறையில் ஆறு பேர். கொரோனா வார்டில் பணி செய்யும் நாட்களிலும், அது முடிந்து தனித்திருக்க வேண்டிய நாட்களிலும் தங்குவதற்கு ஓர் இடம் வேண்டும் என்பதுதான் மனுவின் சாரம். செவிலியர்களின் தலைவியான மேட்ரனிடம் வாய்மொழியாகக் கேட்டுப் பார்த்தாயிற்று, பதில் வரவில்லை. ஆகவே தன் பகுதி கார்ப்பரேட்டர், அதாவது மாநகராட்சிக் கவுன்சிலர், வழியாக மேலே கொண்டுபோகலாம் என்று நினைத்திருந்தாள்.

மறுப்பதற்கு என்னிடம் காரணங்கள் இருந்தன. மாநகராட்சி ஊழியர் தம் கோரிக்கைக்காக அரசியல்வாதியின் துணையை நாடுவது நடத்தை விதிகளுக்கு முரணானது. மனு வெளியே கசிந்தால் அதில் முதலில் இருக்கும் பெயரைத்தான் விசாரிப்பார்கள். வார்டு பொறுப்பிலிருந்த நான் அந்த வாரம் இடைநீக்கம் செய்யப்பட்டிருந்தால் என் இடத்தில் நிற்க ஆளில்லை. இவை எல்லாம் உண்மை. ஆனால் இவற்றில் ஒன்றையும் நான் அவளிடம் சொல்லவில்லை. தொழிலின் தூய்மையைப் பற்றிச் சொல்வதுபோல வேறொன்றைச் சொன்னேன்.

அதே நாட்களில்தான் மும்பை மேயர் கிஷோரி பெட்னேகர் செவிலியர் சீருடை அணிந்து நாயர் மருத்துவமனைக்குச் சென்றார். அரசியலுக்கு வருவதற்கு முன் அவர் செவிலியராகப் பணியாற்றியவர். 2019 நவம்பரில் மேயரானவர். அந்தப் படத்தைப் பார்த்தபோது எனக்குக் கண் கலங்கியது. நம்மில் ஒருத்தி என்று எழுதி வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் வைத்தேன். அந்தப் பெண் அதைப் பார்த்திருப்பாள். பார்த்துவிட்டு என்ன நினைத்தாள் என்று கேட்கும் தைரியம் எனக்கு இதுவரை வரவில்லை.

மேயர் செய்தது வெறும் காட்சி என்று சிலர் பேசினார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. 1888ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி இந்த மாநகராட்சியின் நிர்வாக அதிகாரம் ஆணையரிடம் இருக்கிறது. மேயர் மாமன்றக் கூட்டங்களுக்குத் தலைமை தாங்குபவர். ஆணையிடும் அதிகாரம் குறைவாக உள்ள ஒருவர், தன் பழைய தொழிலின் சீருடையை அணிந்து, பயந்துபோயிருந்த பெண்களின் நடுவே போய் நின்றார். அதற்கு மதிப்பு உண்டு. ஆனால் இப்படி அவருக்காக வாதாடும்போதே, நர்ஸுக்கு எதற்கு அரசியல் என்று அவரிடமும் எவரேனும் ஒரு மூத்த சிஸ்டர் சொல்லி, அவரும் அதற்குக் கீழ்ப்படிந்திருந்தால் என்ற கேள்வி என்னைத் தடுக்கிறது. தேர்ந்தெடுக்கப்படும் 227 உறுப்பினர்களைக் கொண்ட மாமன்றத்தில் பாதி இடங்கள் பெண்களுக்கு ஒதுக்கப்பட்டிருக்கின்றன. ஆயினும் பணியிலிருக்கும் மாநகராட்சிச் செவிலியர் ஒருவர் அங்கே உட்கார முடியாது, வேலையை விட்டால்தான் முடியும். வார்டில் இருப்பவருக்குப் பேசும் இடம் இல்லை, பேசும் இடத்துக்குப் போனவர் வார்டில் இல்லை. இதை அன்று நான் யோசித்திருந்தால், அந்தப் பெண் தேடியது அரசியலை அல்ல, ஒரு வாயை மட்டுமே என்பது புரிந்திருக்கும்.

இன்னொன்றும் என்னை உறுத்துகிறது. அருணா ஷான்பாக்கின் கதையை ஒவ்வோர் ஆண்டும் மே 12 அன்று, செவிலியர் தினத்தில், புதிதாகச் சேர்ந்த பெண்களுக்கு நான் சொல்வதுண்டு. 1973இல் மும்பையின் கேஇஎம் மருத்துவமனையில் தாக்கப்பட்டு நினைவிழந்த அந்தச் செவிலியரை, 2015இல் அவர் இறக்கும்வரை ஏறத்தாழ 42 ஆண்டுகள் அங்குள்ள செவிலியர்களே பார்த்துக்கொண்டார்கள். 1980களில் அவரை அங்கிருந்து அப்புறப்படுத்த மாநகராட்சி முயன்றபோது போராட்டம் செய்து தடுத்தவர்களும் அவர்களே. 2011இல் உச்ச நீதிமன்றம், அவருக்காகப் பேசும் உரிமை அந்த ஊழியர்களுக்கே உண்டு என்று ஏற்றுக்கொண்டது. அந்தப் போராட்டத்தை நான் எப்போதும் அன்பு என்றே சொல்லி வந்திருக்கிறேன். இந்தப் பெண்ணின் ஒரு தாளை மட்டும் அரசியல் என்றேன். அது நோயாளிக்காக, இது நமக்காக என்று நெடுநாள் சமாதானம் சொல்லிக்கொண்டேன். பணி முடிந்து ஒரே அறைக்குத் திரும்பும் செவிலியரின் தாய் அடுத்த வாரம் நோயாளியாகப் படுக்கும்போது அந்த வித்தியாசம் எங்கே நிற்கும்?

அவளுடைய தாய்க்கும் தம்பிக்கும் மே மாதம் தொற்று வந்தது. இருவரும் தேறிவிட்டார்கள். தெருவே ஒரு பொதுக் கழிப்பறையைப் பயன்படுத்தும் இடத்தில், அது அவள் கொண்டுவந்ததுதான் என்று யாராலும் சொல்ல முடியாது. இதை நான் பலமுறை எண்ணி ஆறுதல் அடைந்திருக்கிறேன். அவர்கள் படுத்த பிறகு, எந்த மனுவும் போகாமலே, நிர்வாகம் செவிலியர்களுக்கு ஒரு லாட்ஜில் அறைகள் எடுத்துக் கொடுத்தது. அப்படியானால் மனுவே தேவைப்பட்டிருக்காது என்றும் வாதாடலாம். இரண்டு வாரம் முன்பே கிடைத்திருக்கும் என்றும் வாதாடலாம். நான் இரண்டையும் வாதாடிப் பார்த்துவிட்டேன். அவள் அதன்பிறகு வேறு மருத்துவமனைக்கு மாற்றல் வாங்கிப் போகும்வரை என்னை அக்கா என்று அழைக்கவில்லை. மரியாதை குறையாமல், எல்லோரையும் போல, சிஸ்டர் என்றே அழைத்தாள்.

சென்ற மாதம் இரவுப் பணிக்கு ஆள் போதவில்லை என்று எங்கள் வார்டில் மறுபடியும் ஒரு மனு எழுதப்பட்டது. என்னிடம் கொண்டுவந்தார்கள். வைத்துவிட்டுப் போகச் சொன்னேன். மாலையில் எடுத்துப் பார்த்தபோது இரண்டு பெயர்கள் இருந்தன. மூன்றாவதாக நான் கையெழுத்திட்டேன்.