பீட் பாஸில்த்வெய்ட்: முகத்தை மாற்றாமல் ஆளை மாற்றியவர்

துருத்திய கன்ன எலும்பு, சப்பை மூக்கு. கதாநாயகன் வேஷத்துக்கு எந்தக் காலத்திலும் ஒத்துவராத முகம். பிரிட்டிஷ் குணச்சித்திர நடிகர்களில் பாஸில்த்வெய்ட்டுக்கு (1946–2011) அதுவே மூலதனம்.

இங்கிலாந்தின் வாரிங்டன்காரர். முதலில் ஆசிரியர் வேலை, பிறகு பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளியில் பயிற்சி, அடுத்து லிவர்பூல் எவரிமேன் நாடக அரங்கு. வாயில் நுழையாத குடும்பப்பெயரை மாற்றச் சொன்னார்கள், மாட்டேன் என்றுவிட்டார். நல்லவேளை.

'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' (1993) படத்தில் செய்யாத குற்றத்துக்குச் சிறை போகும் ஜூசெப்பே கான்லன். குரலை உயர்த்துவதே அபூர்வம். மகன் கத்தக் கத்த இவர் இன்னும் அடங்கிப் பேசுவார். கூடவே அழுதிருந்தால் காட்சி படுத்திருக்கும். துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை வந்தது. விருதை டாமி லீ ஜோன்ஸ் தட்டிச் சென்றார்.

மறு வருஷமே தொலைக்காட்சியில் நேர் எதிர். 'ஷார்ப்' தொடரின் சார்ஜன்ட் ஹேக்ஸ்வில், தூக்கில் போட்டும் சாகாத ஆள். கழுத்து வெட்டி வெட்டி இழுக்கும்; தொப்பியைக் கழற்றி, அதற்குள் இருப்பதாக நினைக்கும் அம்மாவோடு பேசுவான். இப்படிப்பட்ட சேஷ்டைகள் கொஞ்சம் கூடினாலும் கோமாளித்தனமாகிவிடும். இவர் கண்ணில் சிரிப்பே இல்லாததால் பயம்தான் வருகிறது.

'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' (1995) வக்கீல் கோபயாஷி: ஜப்பானியப் பெயர், பேச்சில் தெற்காசிய வாடை. பொருந்தாமைதான் அங்கே துப்பு.

ஒரே ஒரு படம் பார்க்க நேரமிருந்தால் 'பிராஸ்ட் ஆஃப்' (1996). மூடப்படும் நிலக்கரிச் சுரங்கத்தின் பேண்ட் வாத்திய மாஸ்டர் டேனி. லண்டன் ஆல்பர்ட் ஹால் அரங்கில் பேசும் காட்சியில் அவர் மூச்சு வாங்கும் இடங்களைக் கவனியுங்கள். சுரங்கத் தூசி தின்ற நுரையீரல் அது.

2008இல் அதே எவரிமேனுக்குத் திரும்பி ஷேக்ஸ்பியரின் லியர் மன்னராக நடித்தார்.